பழைய கேம்கள் ஓடாமல் போவது தானாக நடப்பதல்ல

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் தொழில்நுட்பப் பக்கத்தில் கையடக்க கேம் கருவிகளைப் பற்றி அண்மையில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். விலை, திரையின் அளவு, ஒருமுறை சார்ஜ் செய்தால் எவ்வளவு நேரம் தாங்கும் என்பவற்றையெல்லாம் பொறுமையாக எடுத்துச் சொன்ன அக்கட்டுரை, பழைய கேம்கள் புதிய கருவியில் ஓடுமா என்ற கேள்விக்கு வந்தபோது மட்டும், தொழில்நுட்பம் வளர வளரப் பழையது விடுபட்டுப் போவது இயல்புதான் என்ற பொருளில் ஒரே ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்துவிட்டது. எலெக்ட்ரானிக் பொருள்களைப் பழுதுபார்க்கும் சிறு கடை ஒன்றை நடத்துபவன் என்ற முறையில் இத்தகைய கருவிகளைப் பிரித்துப் பார்க்கும் வேலை எனக்கு உண்டு. உள்ளே இருப்பதைப் பார்த்தவர்களுக்கு அந்த வரி நிச்சயம் உறுத்தும். பழைய கேம்கள் ஓடாமல் போன இடங்களில் பெரும்பாலானவற்றில், செலவையும் பருமனையும் வியாபாரத்தையும் கணக்குப் போட்டு யாரோ எடுத்த முடிவு ஒன்று இருக்கிறது என்பதைத் தங்கள் வாசகர்கள் அறிய வேண்டும்.

1989-ல் ஜப்பானில் வெளிவந்த நிண்டெண்டோவின் கேம் பாயிலிருந்தே தொடங்கலாம். ஒன்பது ஆண்டுகள் கழித்து, 1998-ல், கேம் பாய் கலர் வந்தபோது, கறுப்பு வெள்ளைக் காலத்து கார்ட்ரிட்ஜ்கள் (நம் ஊரில் கேசட் என்றே சொல்லிப் பழகியவை) அதில் அப்படியே ஓடின. ஓடியது மட்டுமல்லாமல், நான்கே சாயல்கள் கொண்ட அந்தப் படங்களுக்கு நிறமும் கிடைத்தது. கருவியை இயக்கும் நேரத்தில் திசைப் பொத்தானைத் தனியாகவோ ஏ அல்லது பி பொத்தானோடு சேர்த்தோ அழுத்தினால் பன்னிரண்டு நிறத் தொகுப்புகளில் ஒன்றைத் தேர்ந்துகொள்ளலாம்; பழையபடியே பார்க்க விரும்புபவர்களுக்காக, இடது பொத்தானோடு பி-யை அழுத்தினால் கறுப்பு வெள்ளையாகவே தெரியும் வழியையும் வைத்திருந்தார்கள். நிண்டெண்டோ தானே வெளியிட்ட பழைய கேம்கள் பலவற்றுக்கு, கார்ட்ரிட்ஜில் பதிந்திருக்கும் தலைப்பைக் கருவியே படித்துப் பார்த்து, பொருத்தமான நிறங்களைத் தானாகவே எடுத்துக் கொடுக்கும். முன்பே விற்றுத் தீர்ந்துவிட்ட, இனி ஒரு பைசா வருமானம் தராத பொருளுக்காக ஒரு நிறுவனத்தின் பொறியாளர்கள் இவ்வளவு மெனக்கெட்டார்கள் என்பதை இன்று நினைத்தால் வியப்பாகத்தான் இருக்கிறது.

2001-ல் வந்த கேம் பாய் அட்வான்ஸ் இன்னும் நல்ல சான்று. அதன் முதன்மை பிராசசர் முற்றிலும் வேறு வகையைச் சேர்ந்தது; ஏஆர்எம்7 எனப்படும் 32 பிட் பிராசசர். பழைய கேம்களை அது புரிந்துகொள்ளாது என்பதால், பழைய 8 பிட் பிராசசரையும் அதே சில்லுக்குள் தனியாக வைத்தார்கள். கார்ட்ரிட்ஜ் செருகும் துளைக்குள் விரல் நுனி அளவுகூட இல்லாத ஒரு சுவிட்ச் உண்டு. பழைய கார்ட்ரிட்ஜின் உடல் அந்த சுவிட்சை அழுத்தும். புதிய கார்ட்ரிட்ஜில் அந்த இடம் வெட்டப்பட்டிருப்பதால் அழுத்தாது. அழுத்தினால் மின்னழுத்தம் 3.3 வோல்ட்டிலிருந்து 5 வோல்ட்டுக்கு மாறி, பழைய பிராசசர் விழித்துக்கொள்ளும். இந்தச் சுவிட்சில் தூசு அடைத்துக்கொண்டு, புதிய கேம் ஓடியும் பழைய கேம் ஓடாமல் பழுதுக்கு வந்த கருவிகளைப் பார்த்திருக்கிறேன். சுத்தம் செய்தாலே போதும், சரியாகிவிடும். பழைய கேம்கள் ஓடும் வசதி என்பது எவ்வளவு சின்னதொரு பொருளில் அடங்கியிருந்தது என்பதை அப்போது கண்ணாலேயே பார்க்கலாம்.

அந்தச் சின்னப் பொருளும் செலவுதான், இடமும்தான் என்பது உண்மை. 2005-ல் வந்த கேம் பாய் மைக்ரோவில் பழைய பிராசசர் சில்லுக்குள் இருந்தபோதிலும், அதை இயக்கத் தேவையான மற்ற உறுப்புகளையும் பழைய கார்ட்ரிட்ஜுக்கான இடத்தையும் நீக்கிவிட்டார்கள். உள்ளங்கைக்குள் அடங்கும் கருவி வேண்டுமென்றால் அதற்குரிய விலையைக் கொடுத்தாக வேண்டும் என்று அதை ஏற்றுக்கொள்ளலாம். அதற்கு முன்பே, 2004-ல் வந்த நிண்டெண்டோ டிஎஸ், அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்களுக்கென்று இரண்டாவது துளை ஒன்றை வைத்துக்கொண்டு, அதற்கும் முந்தைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களைக் கைவிட்டிருந்தது. அட்வான்ஸ் கேம்களையும் முழுமையாக ஏற்றது என்று சொல்ல முடியாது. இணைப்புக் கம்பி செருக இடமில்லாததால், நண்பரோடு சேர்ந்து ஆடும் பகுதி டிஎஸ்-இல் வேலை செய்யாது. ‘பழையது ஓடும்’ என்று விளம்பரத்தில் வரும் இரண்டு சொற்களுக்குள் இப்படிப் பல விடுபடல்கள் ஒளிந்திருக்கும்.

2008-ல் டிஎஸ்-இன் அடுத்த வடிவமான டிஎஸ்ஐ வந்தபோது இரண்டாவது துளையே போயிற்று. அடுத்து 2011-ல் வந்த 3டிஎஸ் கருவியின் கதைதான் என் வாதத்துக்கு முதுகெலும்பு. விற்பனை மந்தமாக இருந்ததால் அவ்வாண்டு ஆகஸ்ட் மாதத்தில் நிண்டெண்டோ அதன் விலையை அமெரிக்காவில் 250 டாலரிலிருந்து 170 டாலராகக் குறைத்தது. அதிக விலை கொடுத்து முன்னதாக வாங்கியவர்களைச் சமாதானப்படுத்த, ‘அம்பாசிடர்’ என்ற திட்டத்தின்கீழ் இருபது பழைய கேம்களை இலவசமாக வழங்கியது. அவற்றுள் பத்து, கேம் பாய் அட்வான்ஸ் கேம்கள். 3டிஎஸ்-க்குள் ஏஆர்எம்7 பிராசசர் இன்னும் இருந்ததால், அவை எமுலேட்டர் (பழைய கருவியைப் போலவே நடந்துகொள்ளும் மென்பொருள்) எதுவும் இல்லாமல் அந்தச் சில்லிலேயே நேரடியாக ஓடின. மூடியை மூடினால் கருவி உறங்கும் வசதி அந்த கேம்களில் மட்டும் வேலை செய்யாமல் போனதற்கும் அதுதான் காரணம். ஆக, செய்ய முடியும் என்பது 2011-லேயே ஆயிரக்கணக்கானவர்களின் கைகளில் நிரூபணமாகிவிட்டது. அதன்பிறகு அந்தப் பத்து கேம்களையோ வேறு அட்வான்ஸ் கேம்களையோ 3டிஎஸ் வாங்கிய மற்றவர்களுக்கு விலைக்குக்கூட நிண்டெண்டோ கொடுக்கவில்லை. இதை இயல்பான தொழில்நுட்ப வளர்ச்சி என்று எப்படிச் சொல்வது?

நியாயமாகப் பேசுவதென்றால், உண்மையிலேயே வழியில்லாத இடங்களையும் சொல்லத்தான் வேண்டும். சோனியின் பிஎஸ்பி கருவி யுஎம்டி என்ற சிறு வட்டுகளைப் பயன்படுத்தியது; அதை அடுத்து 2011-ல் வந்த வீட்டாவில் வட்டு சுழற்றும் பொறியை வைத்திருந்தால் அது தடித்துப் போயிருக்கும், மின்சாரத்தையும் குடித்திருக்கும். கைவசம் உள்ள வட்டைப் பதிவு செய்துகொண்டு, அதே கேமைச் சலுகை விலையில் தரவிறக்கிக்கொள்ளும் ஏற்பாட்டை சோனி ஜப்பானில் மட்டுமாவது செய்தது. 2017-ல் வந்த நிண்டெண்டோ ஸ்விட்சுக்கு ஒற்றைத் திரைதான்; இரண்டு திரைகளை நம்பி எழுதப்பட்ட டிஎஸ், 3டிஎஸ் கேம்களை அதில் எங்கே கொண்டுபோய் வைப்பது? இந்த இரண்டு முடிவுகளோடும் எனக்குச் சண்டையில்லை.

இந்த விடுபடல்கள் கூடிச் சேரும்போது சாதாரண மனிதருக்கு என்ன ஆகிறது என்பதற்கு போக்கிமான் கேம்களே போதும். அட்வான்ஸ் காலத்து ரூபி, சஃபையர் முதலிய கேம்களில் ஒரு சிறுவன் பிடித்து வளர்த்த போக்கிமான் என்ற கற்பனை உயிரை இன்றைய ஸ்விட்ச் வரை கொண்டுவர முடியும்; அப்படித்தான் அந்த கேம்களை அமைத்திருக்கிறார்கள். ஆனால் வழியைப் பாருங்கள். முதலில் இரண்டு துளைகளும் உள்ள டிஎஸ் அல்லது அதன் மெலிந்த வடிவமான டிஎஸ் லைட் வேண்டும், டிஎஸ்ஐ உதவாது. அதில் டயமண்ட், பேர்ல் போன்ற அடுத்த தலைமுறை கேமுக்கு மாற்ற வேண்டும். மாற்றியது திரும்பி வராது. அங்கிருந்து பிளாக் அல்லது வொயிட் கேமுக்குக் கொண்டுபோக ஒரே நேரத்தில் இரண்டு டிஎஸ் கருவிகள் தேவை. அடுத்து 3டிஎஸ்-இல் போக்கே டிரான்ஸ்போர்ட்டர், போக்கிமான் பேங்க் என்ற இரண்டு ஆப்கள் தேவை. அதன் பிறகுதான் ஸ்விட்ச். இதில் 3டிஎஸ்-இன் ஆன்லைன் கடை 2023 மார்ச் 27 அன்று புதிய விற்பனையை நிறுத்திவிட்டதால், அதற்கு முன்பே அந்த இரண்டு ஆப்களையும் எடுத்து வைத்திருந்தவர்கள் மட்டுமே அவற்றை மறுபடி தரவிறக்க முடியும். ஒரு துளையும் ஒரு கடையும் மூடப்பட்டதில், இருபது ஆண்டுச் சேமிப்பு பாதி வழியில் நின்றுவிடுகிறது.

கார்ட்ரிட்ஜ் கையில் இருந்தாலே எல்லாம் பத்திரம் என்று நினைப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. போக்கிமான் கோல்டு, சில்வர் கார்ட்ரிட்ஜ்களில் ஆடியவரின் சேமிப்பையும் (எதுவரை ஆடினார் என்ற பதிவு) உள்ளே ஓடும் கடிகாரத்தையும் ஒரு சிஆர்2025 பேட்டரிதான் காப்பாற்றி வருகிறது. அதற்கு வயதாகிவிட்டது. 3.8 மி.மீ. கேம்பிட் என்ற தனி வகைத் திருப்புளி இல்லாமல் அந்தக் கார்ட்ரிட்ஜின் திருகாணியைக் கழற்ற முடியாது. கழற்றிப் பேட்டரியை எடுத்த கணமே சேமிப்பு அழிந்துவிடும். எனவே பேட்டரியில் உயிர் இருக்கும்போதே, கார்ட்ரிட்ஜ் ரீடர் மூலம் சேமிப்பைக் கணினிக்கு எடுத்து வைத்துவிட்டு, புதிய பேட்டரியைப் பற்றவைத்த பின் அதைத் திரும்ப ஏற்ற வேண்டும். இவ்வளவும் தெரிந்தவர்கள் குறைவு.

இப்போதைய நிலைக்கு வருகிறேன். 2025 ஜூன் 5 அன்று வெளியான ஸ்விட்ச் 2, பழைய ஸ்விட்ச் கார்ட்ரிட்ஜ்களை ஏற்கிறது. பழைய சில்லை உள்ளே வைக்காமல், பழைய கேம் தரும் கட்டளைகளை அது ஓடிக்கொண்டிருக்கும்போதே புதிய சில்லுக்கு ஏற்றபடி மாற்றிக் கொடுக்கும் முறையை அதற்காக உருவாக்கியிருக்கிறார்கள். மனமிருந்தால் வழி உண்டு என்பதற்கு இதுவும் ஒரு சான்று. (ஸ்விட்சைச் செருகிப் பார்க்க நிண்டெண்டோ லேபோ என்ற பெயரில் விற்ற அட்டை விஆர் கண்ணாடிக்குள் மட்டும் இந்தக் கருவி நுழையாது, அளவு பெரிதாகிவிட்டதே காரணம். அதை யாரும் குறையாகச் சொல்ல மாட்டார்கள்.) அதே வேளையில், ‘கேம் கீ கார்டு’ என்ற புதிய வகைக் கார்ட்ரிட்ஜும் இதனோடு வந்திருக்கிறது. அதற்குள் கேம் இருக்காது. திறவுகோல் மட்டுமே இருக்கும். கேமை இணையத்திலிருந்து இறக்கிக்கொண்டு, கார்டையும் செருகி வைத்துத்தான் ஆட வேண்டும். நிறுவனத்தின் சர்வர் இயங்கும் வரை இரவல் கொடுக்கலாம், விற்கலாம். சர்வர் நின்ற பிறகு அந்தக் கார்டை வாங்குபவருக்கு என்ன மிஞ்சும்? பெட்டியின் முன்புறத்திலேயே இதை அச்சிட்டிருக்கிறார்கள் என்பதை நேர்மையாக ஒப்புக்கொள்கிறேன். மற்ற நிறுவனங்களும் அந்த அளவுக்காவது சொல்லட்டும்.

பழைய கேம்களை எல்லோரும் ஒழித்துவிட்டார்கள் என்று நான் சொல்லவில்லை. அவற்றைத் திரும்பத் திரும்ப விற்கிறார்கள் என்பதே என் வருத்தம். 1998-ல் கேம் பாய் கலருக்கு வந்த ‘லிங்க்ஸ் அவேக்கனிங் டிஎக்ஸ்’ கேம், 2011-ல் 3டிஎஸ்-இன் ஆன்லைன் கடையில் மறுபடி விலைக்கு வந்தது. அங்கே வாங்கியது ஸ்விட்சுக்குக் கூடவே வரவில்லை. 2023 பிப்ரவரி முதல் அதே கேம் ஸ்விட்சில் சந்தா கட்டுபவர்களுக்குக் கிடைக்கிறது, சந்தா நின்றால் அதுவும் நின்றுவிடும். இப்படியாவது மறுபடி கிடைப்பவை பேர்பெற்ற சில கேம்கள் மட்டுமே. 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளிவந்த கேம்களில் 87 சதவீதம் இன்று கடையில் எந்த வடிவிலும் வாங்கக் கிடைப்பதில்லை என்று அங்குள்ள வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் ஆய்ந்து சொன்னது.

ஆகவே தங்களிடம் நான் வேண்டுவது இதுதான். இனி கையடக்கக் கருவி ஒன்றை மதிப்பிட்டு எழுதும்போது, முந்தைய கருவியின் கார்ட்ரிட்ஜ் இதில் செருகுமா, செருகினால் எந்தப் பகுதி வேலை செய்யாது, பழைய கருவியில் பணம் கொடுத்துத் தரவிறக்கியவை கூடவே வருமா, சேமிப்பை மாற்ற முடியுமா என்ற விவரங்களைத் திரையின் அளவுக்குக் கொடுக்கும் இடத்தில் பாதியையாவது கொடுத்து எழுதச் செய்யுங்கள். ஆன்லைனில் விற்கப்படுவது உரிமை அல்ல, அனுமதி மட்டுமே என்பதை வாங்குபவரிடம் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று கலிபோர்னியா மாநிலம் சட்டமே போட்டு, அது 2025 ஜனவரி முதல் நடைமுறையில் இருக்கிறது. அதுபோன்றதொரு விதி நம் நாட்டு நுகர்வோருக்கும் தேவையா என்பதைப் பற்றி விவரம் அறிந்த ஒருவரிடம் கட்டுரை கேட்டு வெளியிட்டால் இன்னும் நன்று. பயன்படுத்திய கருவிகளை ரிச்சி தெருவிலும் இணையத்திலும் தேடி வாங்கும் மாணவர்கள் ஏராளம். டிஎஸ் லைட்டுக்கும் டிஎஸ்ஐக்கும் உள்ள வேறுபாடு தெரியாமல், பார்க்கப் புதிதாக இருக்கிறதே என்று பின்னதை வாங்கிவிட்டு, அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜோடு கடைக்கு வந்து எங்கே செருகுவது என்று கேட்பவர்களுக்கு நான் பதில் சொல்வதற்கு முன்பே தங்கள் நாளிதழ் சொல்லியிருக்கலாம்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
காந்திபுரம், கோயம்புத்தூர்.