ஒரே பகலில் பதினொரு இடங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

கனடாவில் இருக்கும் என் பெறாமகள் கணவரோடும் இரண்டு பிள்ளைகளோடும் கடந்த ஆடி மாதம் யாழ்ப்பாணம் வந்திருந்தாள். மூத்தவளுக்குப் பன்னிரண்டு வயது, இளையவனுக்கு எட்டு. இருவருக்கும் தமிழ் விளங்கும்; மெதுவாகப் பேசவும் செய்வார்கள். அம்மா பிறந்த மண்ணைப் பிள்ளைகளுக்கு ஒழுங்காகக் காட்டவேண்டும் என்று அவள் கனடாவிலிருந்தே ஒரு சுற்றுலா நிறுவனத்தில் பணம் கட்டி, வானும் வழிகாட்டியும் சாப்பாடும் சேர்த்து ஒரு நாளுக்குப் பதிவு செய்திருந்தாள். "சின்னம்மா, நீங்களும் வாருங்கள்" என்றாள். முப்பத்திரண்டு வருடம் வரலாறு படிப்பித்தவள் நான். ஆசையோடுதான் ஏறினேன்.

நிகழ்ச்சித் தாளைக் கையில் தந்தபோதே மனம் துணுக்குற்றது. நல்லூர், சங்கிலியன் தோப்பு, மந்திரிமனை, யமுனா ஏரி, பொது நூலகம், கோட்டை, கந்தரோடை, கீரிமலை, நிலாவரை, பருத்தித்துறை, மணற்காடு. காலை எட்டு மணி முதல் மாலை ஆறு மணி வரை பதினொரு இடங்கள்!

வழிகாட்டியாக வந்த தம்பி தமிழர்தான், வெளி மாவட்டத்தவர். மரியாதையான பிள்ளை, தண்ணீர்ப் போத்தலைத் திறந்து என் கையில் தந்த பிறகுதான் தான் குடித்தார். அவரைக் குறைசொல்ல இதை எழுதவில்லை. நான்கு நாட்களுக்கு முன்புதான் இந்தப் பாதை தனக்குத் தரப்பட்டதாகவும், கைத்தொலைபேசியில் பார்த்துப் பாடமாக்கியதாகவும் அவரே சொன்னார். குறை அவரை அப்படி அனுப்பிவைத்த முறையில்தான் இருக்கிறது.

நல்லூரில் ஆண்கள் மேற்சட்டை கழற்றித்தான் உள்ளே போகலாம் என்பதை முதல் நாளே யாரும் சொல்லவில்லை. மருமகன் அரைக்காற்சட்டையோடு வந்திருந்தார்; வெட்கப்பட்டு வெளி வீதியிலேயே நின்றுவிட்டார். வீட்டில் வேட்டி இருந்தது. ஒரு வார்த்தை முன்கூட்டிச் சொல்லியிருந்தால் போதும். உள்ளே, இந்தக் கோயிலைச் சங்கிலிய மன்னன் கட்டினான் என்று பிள்ளைகளுக்குச் சொல்லப்பட்டது. மன்னர் காலத்துக் கோயிலை 1621 இல் போர்த்துக்கேயர் இடித்துவிட்டார்கள். நாம் இன்று கும்பிடுகிற கோயில் 1734 இல் இரகுநாத மாப்பாண முதலியார் தொடங்கியது. பழைய கோயில் நின்றது முத்திரைச் சந்தைப் பக்கத்தில், இப்போது தேவாலயம் இருக்கும் இடத்தில் என்பது ஆய்வாளர் பலரின் முடிவு. இதை நான் மெதுவாகச் சொன்னதும் மூத்தவள், "அப்படியென்றால் அந்தத் தேவாலயத்தின் நிலத்துக்குக் கீழே கோயிலின் கற்கள் இருக்குமா, அம்மம்மா?" என்று கேட்டாள். அந்த இடம் நடந்துபோகும் தூரந்தான். ஆனால் தாளில் இல்லாத இடம், நேரமும் இல்லை.

சங்கிலியன் தோப்பு வளைவையும் மந்திரிமனையையும் "ஐந்நூறு வருடத்து அரண்மனை" என்றார் தம்பி. இன்று நிற்கிற அந்தக் கட்டடங்களில் தெரிவது ஒல்லாந்தர் காலத்து வேலைப்பாடு என்று நம் வரலாற்றாசிரியர்களே எழுதியிருக்கிறார்கள். அதைச் சொல்வதால் அந்த மண்ணின் பெருமை குறையாது. யமுனா ஏரிக்கு ஐந்து நிமிடம். அது 'ப' என்ற எழுத்தின் வடிவில் வெட்டப்பட்டது என்பதைச் சொன்னால் தமிழ் எழுத்துக் கூட்டிப் படிக்கும் எட்டு வயதுப் பையன் எப்படிக் குதித்திருப்பான்! நான் சொல்ல வாயெடுக்கும்போது வானின் கதவு திறந்துவிட்டது.

நூலகத்தின் முன் படம் எடுக்கப் பத்து நிமிடம் தந்தார்கள். 1981 இல் எரிக்கப்பட்டது, தொண்ணூற்றேழாயிரம் நூல்கள் அழிந்தன என்று தம்பி சொன்னது சரி. பிள்ளைகள் தலையாட்டினார்கள். இலக்கம் பெரிதானால் பிள்ளைகளின் மனத்தில் அது நிற்காது. அதை வகுப்பறையில் பலமுறை கண்டிருக்கிறேன். நான் அப்போது படிப்பிக்கத் தொடங்கியிருந்த காலம். நூலகத்தில் இரவல் எடுத்த புத்தகம் ஒன்று என் மேசையில் கிடந்தது. திருப்பிக் கொடுக்க இரண்டு நாள் பிந்திவிட்டேன் என்று மனம் உறுத்திக்கொண்டிருந்தது. எரிந்த மறுநாள் காலையில் அதைக் கையில் எடுத்துப் பார்த்தபோது, திருப்பிக் கொடுக்க இடமில்லாத புத்தகமாக அது இருந்தது. அட்டை போட்டுப் பதினான்கு வருடம் பாதுகாத்தேன். 1995 ஐப்பசி இறுதியில் போரினால் வலிகாமப் பகுதியே இடம்பெயர்ந்தபோது, அம்மாவின் மருந்தையும் அரிசியையும் தூக்கிய கைகளில் அதற்கு இடமில்லாமல் போனது. திரும்பி வந்தபோது அலுமாரியே இல்லை. இந்த ஒரு புத்தகத்தின் கதையைக் கேட்டபிறகுதான் மூத்தவள் திரும்பி அந்தக் கட்டடத்தை நிமிர்ந்து பார்த்தாள். இப்படிச் சொல்வதற்கு ஒரு கதையாவது இல்லாத வீடு இந்த ஊரில் இருக்கிறதா?

கோட்டைக்கு நண்பகல் பன்னிரண்டு மணிக்குப் போனோம். நிழல் கிடையாது. பையனுக்கு மூக்கிலிருந்து இரத்தம் வந்தது. அதோடு கோட்டை முடிந்தது.

கந்தரோடை 'நேரமில்லை' என்று கைவிடப்பட்டது. கீரிமலையில் குளிக்க நேரம் கொடுத்தார்கள், அதற்கு நன்றி. ஆனால் கடலுக்கு இவ்வளவு அருகில் நல்ல தண்ணீர் எப்படி ஊறுகிறது என்று பிள்ளை கேட்ட கேள்விக்குப் பதில் இல்லை. நிலாவரையில் இராமர் அம்பு எய்த கதை மட்டும் கிடைத்தது. எனக்கு அந்தக் கதை பிடிக்கும். பாட்டி சொல்லி வளர்ந்தவள்தான் நானும். அதோடு இன்னொன்றையும் சொல்லலாமே. எங்கள் குடாநாடு சுண்ணாம்புக்கல்லின் மேல் கிடக்கிறது. பெய்கிற மழை கல்லின் வெடிப்புகளில் இறங்கி, அடியில் இருக்கும் உப்புநீரின் மேல் நன்னீராக மிதக்கிறது. நிலாவரையில் மேலே நல்ல தண்ணீரும் ஆழத்தில் உப்புத் தண்ணீரும் இருப்பது அதனால். கீரிமலையில் அதே நிலத்தடி நீர் கரையோரத்தில் வெளியே வருகிறது. வற்றாத ஆறு ஒன்றுமில்லாத ஊரில் தோட்டம் செய்து பிழைத்த மக்களின் முழுக் கதையும் அந்த ஒரு கிணற்றில் இருக்கிறது. பன்னிரண்டு வயதுக்கு இது கடினமான பாடமே இல்லை.

பருத்தித்துறையை இருட்டும் நேரத்தில் தொட்டோம். மணற்காட்டில் மணலில் புதையுண்ட அந்தோனியார் கோயிலின் சுவர்களை வான் விளக்கு வெளிச்சத்தில் பார்த்தோம். வீடு வந்தபோது இரவு எட்டு மணி. படுக்கப் போகுமுன் பையனிடம் இன்று என்னென்ன பார்த்தாய் என்று கேட்டேன். "வான்" என்றான்.

அந்த ஒரு சொல் என்னைத் தூங்கவிடவில்லை. விடிந்ததும் எங்கள் ஒழுங்கையில் வான் ஓட்டும் தம்பியைக் கூப்பிட்டேன். என்னிடம் ஒன்பதாம் வகுப்பில் படித்தவர். "ரீச்சர், எத்தனை இடம்?" என்று கேட்டார். மூன்று என்றேன்.

வெயில் ஏறுமுன் கந்தரோடைக்குப் போனோம். பனைகளுக்கு நடுவே சின்னச் சின்னப் பௌத்தத் தூபிகள். வேறு யாருமே இல்லை. இந்த இடத்தைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். ஏனென்றால் நாங்களே வெட்கப்பட்டோ பயந்தோ ஒதுக்கிவைத்த இடம் இது. வரலாற்றறிஞர் போல் பீரிஸ் 1917 ஆம் ஆண்டளவில் இங்கே ஆராயத் தொடங்கினார். 1970 இல் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தினர் அகழ்ந்தார்கள். கறுப்பு சிவப்பு மட்பாண்டங்கள் கிடைத்தன. உரோம நாணயங்களும் இந்த ஊரில் கிடைத்திருக்கின்றன. ஈராயிரம் வருடங்களுக்கு முன்பே கடல் வாணிபத்தோடு தொடர்புள்ள ஊர் இது என்பதற்கு வேறு சாட்சி வேண்டியதில்லை. தமிழ்நாட்டில் இருந்ததுபோல இங்கும் தமிழ் பேசிய பௌத்தர்கள் வாழ்ந்திருக்கிறார்கள். இதைப் பிள்ளைகளிடம் நிதானமாகச் சொன்னால் அவர்கள் நிதானமாகக் கேட்கிறார்கள். வழிகாட்டிகள் இந்த இடத்தை விட்டுவிட்டு ஓடினால், அதன் கதையை வேறு யாராவது தமக்கு வேண்டியபடி சொல்வார்கள். ஏற்கனவே சொல்லிக்கொண்டும் இருக்கிறார்கள்.

பிறகு பண்ணைப் பாலத்தால் புங்குடுதீவு வழியாகக் குறிகட்டுவானுக்குப் போய், அங்கிருந்து படகில் நயினாதீவு. படகில் இருக்கும்போது நாகபூசணி அம்மன் கோயில் கல்வெட்டைப் பற்றிச் சொன்னேன். பன்னிரண்டாம் நூற்றாண்டில் பராக்கிரமபாகு மன்னன் வெட்டுவித்த கல்வெட்டு. பொலன்னறுவையில் இருந்து ஆண்ட சிங்கள மன்னன், நயினாதீவில் தன் ஆணையைத் தமிழில் எழுதியிருக்கிறான். பேராசிரியர் இந்திரபாலா அதை ஆராய்ந்து வெளியிட்டார். ஊராத்துறைக்கு வரும் பிறநாட்டு வணிகரைப் பற்றியது அது. இன்றைய ஊர்காவற்றுறைதான் அந்த ஊராத்துறை. யானையும் குதிரையும் கொண்டுவரும் கப்பல் உடைந்தால் நாலிலொரு பங்கு அரச பண்டாரத்துக்கு, மூன்று பங்கு உடையவனுக்கு. வேறு சரக்குக் கப்பல் உடைந்தால் பாதிக்குப் பாதி. அந்தக் கடலிலேயே போய்க்கொண்டு இதைக் கேட்ட பையன் படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு தண்ணீருக்குள் யானை தேடினான். மத்தியானம் கோயிலின் அன்னதான மண்டபத்தில் சாப்பிட்டோம். மருமகன் இந்த முறை வேட்டியில்.

மாலை ஐந்து மணிக்கு மறுபடி கோட்டை. காற்று வந்துவிட்டது. போர்த்துக்கேயர் நாற்பக்கமாகக் கட்டியதை, 1658 இல் பிடித்த ஒல்லாந்தர் இடித்து ஐங்கோணமாக்கினார்கள் என்று மணலில் கீறிக் காட்டினேன். மதிலில் கைவைத்துப் பார் என்றேன். முருகைக்கல், கடலுக்குள் வளர்ந்த கோடுகளும் துளைகளும் அப்படியே இருக்கின்றன. மூத்தவள் கன்னத்தை அதில் வைத்துப் பார்த்தாள். 1706 இல் எழுந்த ஒல்லாந்தர் தேவாலயம் போரில் சிதறிக் கிடக்கும் இடத்தில் சிறிது நேரம் நின்றோம். அங்கே நான் அதிகம் பேசவில்லை. சூரியன் பண்ணைக் கடலில் இறங்கும்வரை மதிலில் இருந்தோம்.

இதை நீட்டி எழுதியதன் காரணம் இதுதான். யாழ்ப்பாணத்தை ஒரு நாளில் காட்டலாம், தாராளமாகக் காட்டலாம். அதற்கு மூன்று இடம், மிஞ்சினால் நான்கு இடம் போதும். கூட வருபவர் இந்த மண்ணை அறிந்தவராக இருக்கவேண்டும். சுற்றுலா விற்பவர்கள் இடங்களின் எண்ணிக்கையைக் காட்டி ஆள் பிடிப்பதை நிறுத்தவேண்டும். என்ன உடுப்பு வேண்டும், எந்த நேரம் எங்கே வெயில் என்பதை முதல் நாளே சொல்லவேண்டும்.

சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் வழிகாட்டி உரிமங்களில், நாடு முழுவதற்குமான உரிமத்தோடு பிரதேசத்துக்கும் தனி இடத்துக்குமான உரிமங்களும் உண்டு. நெடுந்தீவுப் பிள்ளை ஒருத்தி நெடுந்தீவுக்கும், பருத்தித்துறைப் பையன் ஒருவன் வடமராட்சிக்கும் வழிகாட்டியாக அவை போதும். அதற்கான பயிற்சி யாழ்ப்பாணத்தில், தமிழில் நடக்கவேண்டும். பல்கலைக்கழகத்தில் வரலாறும் தொல்லியலும் படித்துவிட்டு வேலைக்குக் காத்திருக்கும் பிள்ளைகளை எனக்கே தெரியும். மாகாண சபை அதிகாரிகளும் பல்கலைக்கழக வரலாற்றுத்துறையினரும் ஒரு மேசையில் இருந்து பேசினால் அடுத்த நல்லூர்த் திருவிழாவுக்கு முன் முதல் தொகுதியை வெளியே அனுப்பலாம். ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் நாங்கள் சம்பளமில்லாமல் வந்து பாடம் சொல்வோம். என்னைப் பொறுத்தவரை செவ்வாயும் வியாழனும் ஓய்வுதான். என் முகவரி தங்கள் அலுவலகத்தில் இருக்கிறது.

பிள்ளைகள் திரும்பிப் போய் மூன்று கிழமையாகிறது. நேற்று மூத்தவள் தொலைபேசியில் ஒரு கேள்வி கேட்டாள்: கப்பல் உடைந்து, ஒரேயொரு யானை மட்டும் உயிரோடு நீந்திக் கரையேறினால், அதில் நாலிலொரு பங்கை அரசன் எப்படி எடுத்திருப்பான்? வரலாறு கற்றவர்கள் யாரேனும் இதற்கு இந்தப் பத்திரிகையில் பதில் எழுதினால், கத்தரித்து அவளுக்குத் தபாலில் அனுப்பிவைப்பேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை,
கொக்குவில்.