சுற்றுலா விசாவில் வேலைக்குப் போகலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

வளைகுடா வேலைக்கு ஆசைப்படும் எங்கள் பாலக்கோடு, அரூர் பகுதி இளைஞர்களிடம், 'முதலில் சுற்றுலா விசாவில் போங்கள், அங்கே மாற்றிக்கொள்ளலாம்' என்று இடைத்தரகர்கள் சொல்கிறார்கள். என் உறவினர் ஒருவரும் அதை நம்பித்தான் ஏமாந்தார்.

பத்தாம் வகுப்புத் தேறாதவர்களுக்குப் பொதுவாக வழங்கப்படும் ஈ.சி.ஆர். (குடிபெயர்வுச் சரிபார்ப்பு தேவை) வகைப் பாஸ்போர்ட்டுடன் சவூதி அரேபியா, குவைத் உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குச் செல்ல, 1983ஆம் ஆண்டின் குடிபெயர்வுச் சட்டப்படி, குடிபெயர்வோர் பாதுகாவலர் என்ற மத்திய அரசு அதிகாரியின் அனுமதி தேவை. சுற்றுலா விசாவில் செல்பவருக்கு அந்த அனுமதியும் இல்லை, சம்பளத்தைக் கேட்டுப் பெற ஒப்பந்தமும் இல்லை.

பதிவுபெற்ற முகவர் வாங்கக்கூடிய சேவைக் கட்டணத்தின் உச்சவரம்பே, ஜி.எஸ்.டி. நீங்கலாக, 30,000 ரூபாய்தான். லட்சங்களில் கேட்பவரின் பதிவு எண்ணை வாங்கி மத்திய அரசின் இ-மைக்ரேட் இணையதளத்தில் சரிபார்க்கலாம். இதனை மாவட்ட நிர்வாகம் கிராம சபைக் கூட்டங்களில் விளக்க வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
தருமபுரி.