முருங்கை மரத்தை வெட்டாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

மழை பிடித்துவிட்டால் எங்கள் பக்கம் கம்பளிப்பூச்சிப் பேச்சுதான். போன வாரம் பக்கத்துத் தெருவில், காய்த்துத் தொங்கிய முருங்கை ஒன்றை இதற்காகவே வெட்டிச் சாய்த்துவிட்டார்கள். அந்த வீட்டுக் குழந்தைக்குக் கழுத்தெல்லாம் தடித்துவிட்டதாம். அந்த அரிப்பு எனக்கும் தெரியும். கொடியில் காய்ந்த ரவிக்கையில் முடி ஒட்டியிருந்து, இரண்டு இரவு தூங்காமல் கிடந்திருக்கிறேன். ஆனாலும் மரத்தை வெட்டியதை மனசு ஏற்கவில்லை.

இந்தப் புழுக்கள் இரவில் மேலே ஏறி இலையைத் தின்றுவிட்டு, பகலில் அடிமரத்தில் வந்து கூட்டமாக அப்பிக்கொள்ளும். மரத்துக்குக் கம்பளி போர்த்தியது போலவே இருக்கும். அதுதான் நமக்குச் சௌகரியம். முழுக்கைச் சட்டை போட்டு, மூக்கை மூடிக் கட்டிக்கொண்டு, நீளக் கம்பில் கட்டிய பழைய துடைப்பத்தால் சோப்புத் தண்ணீர் வாளிக்குள் தள்ளிவிடலாம். காட்டில் தீப்பந்தம் காட்டுவார்கள். வீட்டு மரத்துக்கு அது வேண்டாம், பட்டை கருகிவிடும். மேலே பட்டுவிட்டால் தேய்க்காதீர்கள். ஒட்டும் டேப்பை அந்த இடத்தில் ஒட்டி உரித்தால் முடி அதோடு வந்துவிடும்; அப்புறம் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். கண்ணில் பட்டால் உடனே மருத்துவரிடம் போய்விட வேண்டும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். என் பேரன் நாலு புழுவைக் குச்சியால் எடுத்து, மண் போட்ட ஹார்லிக்ஸ் பாட்டிலில் விட்டு, தினமும் முருங்கைக்கீரை போட்டு வந்தான். ஒருநாள் எல்லாம் மண்ணுக்குள் இறங்கிவிட்டன. செத்துவிட்டன என்றே நினைத்தோம். நாங்கள் மறந்தே போன ஒரு காலையில், பாட்டில் மூடியைப் பிடித்துக்கொண்டு மஞ்சளும் பழுப்புமாக ஒரு அந்துப்பூச்சி தொங்கியது. இறக்கை இன்னும் ஈரம் காயாமல் கசங்கியிருந்தது. பேரன் மூச்சை அடக்கிக்கொண்டு பார்த்த பார்வை கண்ணிலேயே நிற்கிறது.

மழை இரவில் வாசல் விளக்கைச் சுற்றுகிறதே, அந்தக் கூட்டத்தில் இதுவும் உண்டு. குருத்திலும் இளம் இலையிலும் கொத்தாக முட்டையிடும். அந்த இலையை அப்போதே கிள்ளி எடுத்துவிட்டால் பாதித் தொல்லை குறையும். மிச்சத்தைச் சுடலைக்குயில் போன்ற பறவைகள் பார்த்துக்கொள்ளும். மயிருள்ள புழுக்கள்தான் அதற்கு விருப்பமான தீனி.

அடுத்த மழைக்கு முன்னால் இதை ஒரு சிறு குறிப்பாகப் படத்தோடு போட்டீர்களானால், எங்கள் தெருவில் மிச்சமிருக்கும் மூன்று முருங்கை மரங்களாவது தப்பிக்கும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
திண்டுக்கல்