அட்வான்ஸில் கழித்தால் முடிந்ததா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். காலி செய்துபோன வாடகைதாரர் சுவரையும் குளியலறையையும் பாழாக்கிவிட்டார், என்ன செய்வது என்று கேட்ட வாசகருக்கு உங்கள் சட்டப் பகுதி ஒரே வரியில் பதில் சொல்லிவிட்டது: அட்வான்ஸில் கழியுங்கள், போதாவிட்டால் போலீஸுக்குப் போங்கள். எவ்வளவு சுலபம்! வேண்டுமென்றே உடைத்ததற்கு ஆதாரம் இல்லாவிட்டால், 'சிவில் மேட்டர்' என்று சொல்லி ஸ்டேஷனில் அனுப்பிவிடுவார்கள் என்பது உங்களுக்குத் தெரியாததா?

கழிக்கலாம்தான். ஆனால் எதைக் கழிப்பது? 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு வாடகைச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை பொறுப்பைப் பிரித்தே வைத்திருக்கிறது. குழாய் வாஷர், சுவிட்ச், பூட்டு, ஜன்னல் கண்ணாடி, கழிப்பறைப் பழுது ஆகியவை வாடகைதாரர் தலையில். வெள்ளையடிப்பு, வயரிங், குழாய் மாற்றுவது உரிமையாளர் தலையில். பெயின்ட் செலவென்று ஒரு மாத வாடகையைக் கண்ணை மூடிப் பிடிக்கிற வழக்கத்துக்கு அந்த அட்டவணையில் இடமில்லை. நியாயமான தேய்மானத்துக்கும் காசு கேட்க முடியாது. ஐந்து வருஷம் பழைய பெயின்டுக்குப் புதுப் பெயின்டின் முழு விலையை எந்த நீதிமன்றம் தரும்?

சுவர் ஓதம் இன்னும் சிக்கல். சுவருக்குள் போகும் குழாய் கசிந்திருந்தால் அது உரிமையாளர் பாடு. வாடகைதாரர் துளை போட்டுக் குழாயை உடைத்திருந்தால்தான் அவர் பாடு. சிவில் இன்ஜினியர் காரணத்தை எழுதித் தராமல் படத்தை மட்டும் நீட்டினால், எதிர்த் தரப்பு வக்கீல் ஒரே கேள்வியில் கவிழ்த்துவிடுவார்.

அட்வான்ஸ் தீர்ந்த பிறகுதான் உண்மையான வேலையே. பழுது பார்க்கும் முன் தேதியோடு வீடியோ, சதுர அடிக் கணக்குடன் மதிப்பீடு, பிறகு ஜிஎஸ்டி பில். அதற்குப்பின் ஒப்புகையுடன் வக்கீல் நோட்டீஸ். பணம் வராவிட்டால் மூன்று ஆண்டுக்குள் சிவில் நீதிமன்றத்தில் பண வழக்கு. மேஸ்திரியை முதலில் கூப்பிட்டுவிட்டு வக்கீலிடம் வருகிறவர்களுக்குச் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை. தடயம் சிமென்டுக்கு அடியில் போயிருக்கும். குடிவரும்போதே சாமான் பட்டியலில் இரு தரப்பும் கையெழுத்திட்டிருந்தால் பாதிச் சண்டை வராது.

இதையெல்லாம் விட்டுவிட்டு, உங்கள் வீட்டுமனை இணைப்பு பதினோரு மாத அக்ரிமென்டுக்கு இன்னமும் பாட்டுப் பாடுகிறது. ஓராண்டைத் தாண்டும் குத்தகைக்குப் பதிவு கட்டாயம் என்ற 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்திலிருந்து தப்பக் கண்டுபிடித்த குறுக்கு வழி அது. இப்போதைய வாடகைச் சட்டத்தில் எத்தனை மாதம் என்று கணக்குக் காட்டித் தப்ப முடியாது: எழுத்து வடிவில் ஒப்பந்தம் போட்டு, வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். பதியாத தாளை வைத்துக்கொண்டு நஷ்டஈடு கேட்டால், முதல் ஆட்சேபணையே அந்தத் தாள்மீதுதான் வரும். பத்து மாத அட்வான்ஸை 'சென்னை வழக்கம்' என்று எழுதுகிறீர்களே, ஒப்பந்தத்தில் வேறு விதமாகச் சொல்லாதவரை மூன்று மாத வாடகைக்கு மேல் வாங்கக் கூடாது என்பதும், காலி செய்த ஒரு மாதத்துக்குள் கழிவு போக மீதியைத் தர வேண்டும் என்பதும் அதே சட்டம்தான். போன வருஷம் தண்ணீரையும் கரண்டையும் நிறுத்தினால் வழிக்கு வருவார்கள் என்று ஒரு 'நிபுணர்' உங்கள் பக்கத்தில் சொன்னார். அது சட்டமே தடுத்த செயல். மறுப்பு எழுதி அனுப்பியதற்கு இன்றுவரை பதில் இல்லை; பரவாயில்லை, பழகிவிட்டது.

பெரிதாக எதுவும் கேட்கவில்லை. அந்த இரண்டாம் அட்டவணையை அடுத்த இதழில் அரைப் பக்கத்தில் அப்படியே அச்சிடுங்கள். ராசிபலனுக்குப் பக்கத்தில் இடம் கிடைத்தாலும் போதும்.

இப்படிக்கு,
வாடகை வழக்குகள் நடத்தும் ஒரு வழக்கறிஞர்,
மதுரை