உங்கள் பெயரைச் சொல்லிச் சிரித்தவள் எழுதுகிறேன்

மதிப்புக்குரிய மோனிகா லெவின்ஸ்கி அவர்களுக்கு,

வணக்கம். 1998 ஜனவரியில் நான் கல்லூரியில் முதலாமாண்டு படித்துக்கொண்டிருந்தேன். வெள்ளை மாளிகையில் பயிற்சிப் பணியாளராக இருந்த உங்களுக்கும் அமெரிக்க அதிபர் பில் கிளிண்டனுக்கும் இருந்த உறவைப் பற்றிய செய்தி முதலில் ஓர் இணையத்தளத்தில்தான் வெளிவந்தது. எங்கள் ஊரில் அப்போது இணையம் ஏது? ஆனாலும் சில வாரங்களில் உங்கள் பெயர் எங்கள் கல்லூரி பஸ்ஸின் கடைசி வரிசைவரை வந்துவிட்டது. விரிவுரையாளர் ஒருவரிடம் வராந்தாவில் நின்று சந்தேகம் கேட்ட மாணவியை எல்லோரும் 'மோனிகா' என்று கூப்பிட்டார்கள். அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி வெளியே பார்த்துக்கொண்டே வருவாள். நானும் சிரித்தேன்.

2015-இல் வான்கூவரில் நீங்கள் ஆற்றிய உரையைக் கேட்டபோதுதான் உங்கள் அம்மாவைப் பற்றித் தெரிந்தது. அவமானம் தாங்காமல் நீங்கள் உயிரை விட்டுவிடுவீர்களோ என்ற பயத்தில், அந்த நாட்களில் ஒவ்வோர் இரவும் உங்கள் படுக்கையருகே உட்கார்ந்திருந்திருக்கிறார். குளியலறைக் கதவைத் திறந்து வைத்துத்தான் குளிக்க வேண்டும் என்றிருக்கிறார். எனக்கும் இப்போது ஒரு மகள் இருக்கிறாள். அந்த இடத்தில் உரையை நிறுத்திவிட்டேன். மறுநாள்தான் மீதியைக் கேட்க முடிந்தது.

'தப்புச் செய்தால் பதில் சொல்ல வேண்டாமா?' என்று கேட்பார்கள். வேண்டும்தான். நடந்ததற்கு வருந்துவதாக நீங்களே சொல்லியிருக்கிறீர்கள். அதிபர் கிளிண்டனும் பதில் சொன்னார். அவருக்கு வழக்கறிஞர்கள் இருந்தார்கள், விசாரணை இருந்தது. 1999 பிப்ரவரி 12 அன்று அமெரிக்க நாடாளுமன்றத்தின் மேலவையான செனட், பதவிநீக்கக் குற்றச்சாட்டுகளிலிருந்து அவரை விடுவித்தது, பதவிக்காலத்தையும் முழுமையாக முடித்தார். உங்கள் வழக்குக்கு நீதிபதியும் இல்லை, தீர்ப்பு நாளும் இல்லை. தோழி என்று நம்பியவர் ரகசியமாகப் பதிவு செய்த தொலைபேசிப் பேச்சு வெளியே வந்தது. 1998 செப்டம்பர் 11 அன்று, அதிபரை விசாரித்த வழக்கறிஞர் கென்னத் ஸ்டாரின் அறிக்கை இணையத்தில் ஏற, 25 வயதுப் பெண்ணின் அந்தரங்கத்தை உலகமே வரி வரியாகப் படித்தது. போதும் என்று சொல்லும் அதிகாரம் ஒருவரிடமும் இருக்கவில்லை.

போன வாரம் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு காணொளி. சில்லறைக்காக நடத்துநரிடம் கத்தும் இளம்பெண். கழுத்தில் தொங்கும் அலுவலக அடையாள அட்டை தெளிவாகத் தெரிகிறது. 'இவள் வேலை போகும்வரை பகிருங்கள்' என்று கீழே எழுதியிருந்தது. அனுப்பிய அண்ணனைக் கூப்பிட்டு அழிக்கச் சொன்னேன். அழித்துவிட்டார். அதற்குள் எத்தனை குழுக்களுக்குப் போயிற்றோ.

எங்கள் பஸ் மாணவி இரண்டாமாண்டு வரவில்லை. மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று பழைய தோழிகளிடம் விசாரித்தேன். அவளுடைய பெயர் ஒருவருக்கும் நினைவில்லை. எனக்கும்தான். உங்கள் பெயர் மட்டுமே நினைவிருக்கிறது.