ஒரு குடம் நல்ல தண்ணீர்

பாம்பன் பக்கத்துச் சின்னப்பாலத்து மக்களுக்கும், கேள்விப்பட்டதும் இரவென்று பாராமல் போன் செய்த நண்பர்களுக்கும் வணக்கம்.

கடல்பாசி எடுக்கிற அக்காமாரைப் பற்றி நான் எடுத்துவரும் படத்தின் காட்சிகள், கடலில் நனைந்த மெமரி கார்டுகளிலிருந்து முழுக்கக் கிடைத்துவிட்டன. கடலுக்குள்ளிருந்து ஒரு அக்கா தலையைத் தூக்கி மூச்சு விடுகிற சத்தம் நேற்று ராத்திரி ஸ்பீக்கரில் கேட்டது. அப்போது ஆரம்பித்த கை நடுக்கம் இன்னும் நிற்கவில்லை.

வல்லத்தில், அதாவது நாட்டுப் படகில், போனபோது என் கேமரா கார்டுகளோடு கடல் தண்ணீரில் நனைந்துபோனது உங்களுக்குத் தெரியும். கரையேறியதும் நான் கேமராவைத் துண்டால் துடைத்து வெயிலில் வைக்கப் போனேன். பாசி எடுக்கிற அக்கா ஒருவர், விரலில் சுற்றிய துணியைக்கூட அவிழ்க்காமல் ஓடி வந்து தடுத்தார். "காய விட்டா உப்பு தின்னுப்புடும் தம்பி. மிஷின் கடல்ல விழுந்தா நாங்க முதல்ல நல்ல தண்ணியிலதான் கழுவுவோம்." வீட்டிலிருந்து ஒரு குடத்தை இடுப்பில் வைத்துக் கொண்டுவந்தார். கார்டுகளைச் சோற்றுச் சட்டியில் போட்டுத் தண்ணீரை மாற்றி மாற்றி ஊற்றினார். மூன்றாவது தடவை அந்தத் தண்ணீரில் விரலை நனைத்து நாக்கில் வைத்துப் பார்த்தார். "இன்னும் கரிக்குது." திரும்பவும் ஊற்றினார். குடம் காலி.

அது குடிக்க வைத்திருந்த தண்ணீர். அங்கே வண்டி வந்தால்தான் குடம் நிறையும், அதுவும் காசுக்கு. அடுத்த வண்டி மறுநாள்தான் என்று பக்கத்து வீட்டுக்காரர் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

கேமரா போய்விட்டது, போகட்டும். இந்த அக்காமார் அமாவாசையை ஒட்டி 6 நாள், பௌர்ணமியை ஒட்டி 6 நாள் என்று மாதத்தில் 12 நாள்தான் கடலில் இறங்குகிறார்கள். அப்படிச் சேர்த்த காட்சிகளை மறுபடி எங்கே போய் எடுப்பது? இயக்கம், ஒளிப்பதிவு, ஒலி, எடிட்டிங் எல்லாம் நானே பார்ப்பதற்குக் காசில்லாதது ஒரு காரணம். யாரிடமும் உதவி கேட்கக் கூச்சம் என்பது இன்னொன்று. அன்றைக்கு நான் கேட்கவே இல்லை.

மதுரையில் கார்டுகளைச் சரிபார்த்துக் கொடுத்துவிட்டுக் கூலி வாங்க மறுத்த தம்பி, பாம்பன் டீக்கடை அண்ணன், தன் கேமராவை பஸ்ஸில் கொடுத்தனுப்பிய தோழி, பணம் அனுப்பிவிட்டுப் பேர் சொல்லாதவர்கள், எல்லோருக்கும் நன்றி.

டைட்டிலில் பேர் போடட்டுமா என்று அக்காவிடம் கேட்டேன். "பேரெல்லாம் எதுக்கு, எங்க கரையில போட்டுக் காட்டு" என்றார். சரி அக்கா, முதல் காட்சி உங்கள் கரையில்தான். அன்று காலையில் உங்கள் வீட்டுக் குடங்களை நிரப்பிவிட்டு வந்துதான் திரை கட்டுவேன்.