லென்ஸ் பெட்டியைப் பார்த்துக்கொண்ட தம்பிக்கும் மற்ற எல்லோருக்கும்

நண்பர்களே, கண் ஆபரேஷனுக்குப் போட்ட கட்டைப் பிரித்தாயிற்று. என்ன ஆச்சு, எப்படி ஆச்சு என்பதெல்லாம் உங்களுக்குத் தெரியும், மறுபடி எழுதத் தெம்பில்லை. கேமரா வ்யூஃபைண்டரில் ஃபோகஸ் தெரிகிறது, அது போதும்.

பணம் அனுப்பியவர்கள், ஆபரேஷன் முடிந்து டாக்டர் சொன்னபடி நான் குப்புறவே படுத்துக் கிடந்தபோது முறை வைத்துச் சோறு ஊட்டியவர்கள், தூத்துக்குடி உப்பளப் படத்துக்கு வேறு கேமராமேனைத் தேடாமல் காத்திருக்கும் இயக்குநர், மதுரையில் ‘மறுபக்கம்’ அமைப்பின் ஆவணப்பட விழாவில் பழகிய தோழர்கள், டாக்டர்கள், நர்ஸ் அக்காக்கள், எல்லோருக்கும் நன்றி. ஆவணப்பட ஒளிப்பதிவாளருக்கு மாதச் சம்பளமோ பி.எஃப்போ கிடையாது. நாம் படுத்தால் வருமானமும் படுத்துவிடும். நீங்கள்தான் தாங்கினீர்கள்.

ஒருவனைப் பற்றி மட்டும் தனியாகச் சொல்லியே ஆகவேண்டும். நான் கேமரா வாடகைக்கு எடுக்கும் கடையில் அட்டெண்டராக இருக்கும் தம்பி. இங்கே பெயர் போடாதீங்கண்ணே என்று கெஞ்சிவிட்டான். நான் சோனி பிடி 150 வீடியோ கேமரா காலத்தில் தொழிலுக்கு வந்தவன், அதில் லென்ஸ் கேமராவோடு சேர்ந்தே இருக்கும். தனி லென்ஸ்கள் எல்லாம் பின்னால் கடன் வாங்கி ஒவ்வொன்றாகச் சேர்த்தவை. சென்னைக் கடற்காற்றில், அதுவும் அடைமழை நேரத்தில், பெட்டிக்குள்ளேயே கிடந்தால் கண்ணாடிக்குள் சிலந்தி வலை மாதிரி பூஞ்சை படரும், கண்ணாடி மேலுள்ள கோட்டிங்கை அரித்துவிட்டால் அப்புறம் துடைத்தும் பயனில்லை. இந்த ஆஸ்பத்திரி அலைச்சலில் அந்தப் பெட்டி யாருக்கும் ஞாபகமில்லை, எனக்கும் இல்லை. அவன் ஞாயிற்றுக்கிழமைதோறும் வந்து, என்னை எழுப்பாமல், அம்மாவிடம் பெட்டியைக் கேட்டு வாங்கி, ஒவ்வொரு லென்ஸாக எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, தூசியை ஊதி, ஃபோகஸ் ரிங்கை இரண்டு பக்கமும் சுற்றிவிட்டு, ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல்லை மாற்றிவிட்டுப் போயிருக்கிறான். நீல மணி இளஞ்சிவப்பாக வெளிறினால் ஈரம் குடித்துவிட்டது என்று அர்த்தம், உடனே போன் பண்ணுங்கம்மா என்று சொல்லியும் வைத்திருக்கிறான்.

நான் திரும்ப ஷூட்டிங் போவேனா என்று டாக்டரே உறுதி சொல்லாத நேரம் அது. எனக்கே இல்லாத நம்பிக்கை அவனுக்கு எங்கிருந்து வந்தது என்று யோசித்தால் தொண்டை அடைக்கிறது.

நம் படங்களில் இவனைப் போன்ற கேமரா உதவியாளர்கள் பெரும்பாலும் டைட்டிலில் ‘மற்றும் பலர்’ ஆகிவிடுகிறார்கள். இனி நான் ஒளிப்பதிவு செய்யும் எந்தப் படத்திலும் அது நடக்காது. அவர்கள் பெயர் வரும், முதல் தவணைப் பணம் வந்ததும் அவர்கள் சம்பளம்தான் முதலில். பங்குனி வெயிலில் உப்பு வாரத் தொடங்கும்போது தம்பியும் என்னோடு தூத்துக்குடி வருகிறான். இயக்குநரிடம் பேசிவிட்டேன், சரி என்று சொல்லிவிட்டார்.